வேர்க்கடலையும் சவர்க்ரௌட்டும்: ஒரு மேற்கு ஆப்பிரிக்க-ஜெர்மன் சைவக் குழம்பு, முதல்முறை சமைப்பவர்களுக்கு

மேற்கு ஆப்பிரிக்காவின் வேர்க்கடலைக் குழம்பை ஜெர்மனியில் கிடைக்கிற சாமான்களோடு சேர்த்து வைப்பது எப்படி என்று இதில் சொல்கிறேன். கறி, மீன், முட்டை, பால் எதுவும் கிடையாது. ஒரு கனமான பெரிய பாத்திரம், சுமார் ஒன்றரை மணி நேரம், சூப்பர் மார்க்கெட்டுக்கு ஒரு நடை, ஆப்பிரிக்கச் சாமான் விற்கும் ஆஃப்ரோ கடைக்கு ஒரு நடை, இவ்வளவுதான் தேவை. நான்கு பேர் வயிறாரச் சாப்பிட்டு, மறுநாளைக்கும் கொஞ்சம் மிஞ்சும்.

முதலில் ஒரே ஒரு விஷயத்தை மனதில் வாங்கிக்கொள்ளுங்கள், மற்ற எல்லாம் அதிலிருந்துதான் வருகிறது. வேர்க்கடலை விழுது கொழுப்பு நிறைந்தது, லேசாகத் தித்திக்கும், நாலு வாய் சாப்பிட்டதும் திகட்டிவிடும். அதை வெட்டப் புளிப்பு வேண்டும். மேற்கு ஆப்பிரிக்காவில் இதை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை: காம்பியாவில் டொமோடா எனும் கடலைக் குழம்பு வைக்கிறவர்கள் எலுமிச்சை பிழிகிறார்கள், கானாவில் தக்காளி நிறையப் போடுகிறார்கள், செனகல், மாலி பக்கம் மாஃபே எனும் கடலைக் குழம்பில் தக்காளி விழுதை எண்ணெயில் நன்றாக வறுத்துத்தான் தொடங்குகிறார்கள். ஜெர்மன் சமையலறையில் அந்த வேலையைச் செய்ய ஏற்கெனவே ஒரு பொருள் காத்திருக்கிறது, அதுதான் சவர்க்ரௌட், உப்பில் ஊறிப் புளித்த முட்டைக்கோஸ். மாஃபேயில் முட்டைக்கோஸ் போடுவது வழக்கமான ஒன்று என்பதால் இங்கே எதையும் வலிந்து திணிக்கவில்லை. போட்டுக்கொண்டிருந்த முட்டைக்கோஸையே புளிக்கவைத்துப் போடுகிறோம், அதுவும் கடைசியில் போடுகிறோம். இந்தக் 'கடைசியில்' என்பதைத் திரும்பவும் சொல்வேன்.

இரண்டாவது பொருத்தம் புகை வாசனை. மேற்கு ஆப்பிரிக்கக் குழம்புகளின் அடியில் பெரும்பாலும் புகையில் காய்ந்த மீன் இருக்கும், ஜெர்மன் ஐன்டோப்ஃபின் அடியில் புகையூட்டிய பன்றிக்கறி இருக்கும். ஐன்டோப்ஃப் என்றால் எல்லாவற்றையும் ஒரே பாத்திரத்தில் போட்டு வேகவைக்கும் அவர்களுடைய வீட்டுச் சாப்பாடு. சைவத்தில் இந்த இரண்டு இடத்தையும் ஒன்றாகவே நிரப்புவது புகையூட்டிய டோஃபு, அதாவது பனீர் மாதிரி இருக்கும் சோயாப் பால் கட்டி. ரொய்ஹர்டோஃபு என்று ஜெர்மனியில் எந்தக் கடையின் குளிர்பெட்டியிலும் இருக்கும்.

இது பாரம்பரியமான பதார்த்தம் இல்லை. அதனால் இதை மாஃபே என்று பெயர் சொல்லிப் பரிமாறாதீர்கள், அந்தப் பெயருக்கு உரியவர்கள் இருக்கிறார்கள். ஆனால் 'கலப்படம்' என்று தயங்கவும் வேண்டாம். வேர்க்கடலையே தென் அமெரிக்காவிலிருந்து 16-ஆம் நூற்றாண்டு வாக்கில் போர்ச்சுகீசியர் வழியாக மேற்கு ஆப்பிரிக்காவுக்கு வந்ததுதான். அதற்கு முன்பே அங்கே பம்பாரா கடலை இருந்தது, அதுவும் மண்ணுக்குள் காய்க்கும், அதை அவித்தும் அரைத்தும் சமைக்கத் தெரிந்த கைகள் இருந்தன. தக்காளி, மிளகாய், சர்க்கரைவள்ளி, ஜெர்மானியரின் உருளைக்கிழங்கு எல்லாமே அதே அட்லாண்டிக்கைக் கடந்து வந்தவை. காராமணி மட்டும் எதிர்த்திசை, அது மேற்கு ஆப்பிரிக்காவில் பயிராகி உலகம் சுற்றியது, நம் ஊர் வரை.

சாமான் வாங்குதல்

ஆஃப்ரோ கடையிலிருந்து தொடங்குங்கள். ஹாம்பர்க்கில் கானாக்காரர்கள் நிறைய இருக்கிறார்கள், அங்கே கடை தேடி அலைய வேண்டியதில்லை. பெர்லினில் வெடிங் பகுதிக்குப் போகலாம். அங்கே 'ஆப்பிரிக்கக் குடியிருப்பு' என்றே ஒரு பகுதி உண்டு, டோகோ தெரு, கேமரூன் தெரு என்றெல்லாம் பெயர்கள். அவை 1884-இல் ஜெர்மனி டோகோவையும் கேமரூனையும் பிடித்த காலத்தின் மிச்சம். அங்கே காலனி பிடித்துக் கொடுத்தவரின் பெயரில் இருந்த ஒரு சதுக்கத்துக்கு 2022-இல் மாங்கா பெல் பெயரை வைத்தார்கள். மக்களின் நிலத்தைப் பிடுங்கியதை எதிர்த்ததற்காக ஜெர்மன் ஆட்சி 1914-இல் தூக்கிலிட்ட கேமரூனின் டுவாலா அரசர் அவர். இரண்டு சமையலையும் ஒரே பாத்திரத்தில் சேர்க்கிறவர்கள் இதையும் தெரிந்து வைத்திருப்பது நல்லது என்று நினைக்கிறேன். மற்ற ஊர்களில் 'ஆசியா-ஆஃப்ரோ' என்று பலகை போட்ட கடைகள் இருக்கும். தமிழர்கள் நடத்தும் கடைகளிலும் இதில் பாதிச் சாமான் கிடைக்கும்.

அங்கே வாங்க வேண்டியது: ஸ்காட்ச் பானட் மிளகாய் ஒன்று (கிடைக்காவிட்டால் ஹபனேரோ), சர்க்கரைவள்ளிக் கிழங்கு 400 கிராம், காராமணி. காராமணியைக் காய்ந்ததாக வாங்கினால் 120 கிராம் எடுத்து ஊறவைத்துத் தனியாக அவித்துக்கொள்ளுங்கள், அவசரமென்றால் அவித்து டின்னில் வருவது ஒன்று போதும்.

விருப்பமிருந்தால் தவதவா கொஞ்சம் வாங்கலாம். ஆப்பிரிக்க லோகஸ்ட் மரத்தின் விதையை அவித்து நொதிக்கவைத்தது, ஊருக்கு ஊர் பெயர் மாறும்: யொருபா மொழியில் 'இரு', மாலியிலும் புர்க்கினா ஃபாசோவிலும் சும்பாலா, செனகலில் நெட்டெட்டு. சவர்க்ரௌட்டும் நொதித்ததுதான், ஆனால் அது புளிக்கும், இது புளிக்காது. கருவாடு போட்ட குழம்பில் வரும் அந்த அடி ருசியைச் சைவத்தில் கொண்டுவருகிற பொருள் இதைப்போல் இன்னொன்று இல்லை. வாசனை கடுமையாக இருக்கும், இறுக்கி மூடும் பாட்டிலில் வையுங்கள். முதல்முறை செய்கிறவர்கள் இல்லாமலே செய்யலாம், குறை தெரியாது.

அடுத்து சூப்பர் மார்க்கெட். வேர்க்கடலை விழுதைத்தான் கவனமாக எடுக்க வேண்டும். எர்ட்நுஸ்மூஸ் என்று எழுதியிருப்பதை எடுங்கள், பின்னால் திருப்பிப் பார்த்தால் வேர்க்கடலை 100 சதவீதம் என்று மட்டும் இருக்க வேண்டும், கொஞ்சம் உப்பு இருந்தால் பரவாயில்லை. ரொட்டியில் தடவுகிற பீனட் பட்டரில் சர்க்கரையும் பாமாயிலும் சேர்ந்திருக்கும், அதைப் போட்டால் குழம்பு மிட்டாய் மாதிரி ஆகிவிடும், பிறகு எவ்வளவு உப்புப் போட்டாலும் சரிக்கட்ட முடியாது. 150 கிராம் தேவை. ஆஃப்ரோ கடையிலும் கானாவிலிருந்து வரும் விழுது கிடைக்கும், கொஞ்சம் கூடுதலாக வறுத்திருப்பார்கள், நிறமும் ருசியும் அழுத்தமாக இருக்கும். எனக்கு அதுதான் பிடிக்கும்.

சவர்க்ரௌட் 250 கிராம். டின்னிலோ பாட்டிலிலோ வருகிற வைன் சவர்க்ரௌட் மென்மையானது, முதல்முறைக்கு அதுவே நல்லது. சந்தையில் பீப்பாயிலிருந்து அள்ளித் தருகிற புது சவர்க்ரௌட் புளிப்பும் உப்பும் தூக்கலாக இருக்கும், அதற்கு அளவைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ளுங்கள். சில சமைத்த வகைகளில் பன்றிக்கொழுப்போ புகையூட்டிய கறியோ சேர்த்திருப்பார்கள், சைவம் பார்க்கிறவர்கள் லேபிளைப் படிக்காமல் எடுக்க வேண்டாம். அதில் இருக்கும் சாற்றைக் கொட்டிவிடாதீர்கள், அது கடைசியில் வேண்டும்.

காய்கறிப் பகுதியில் ஸுப்பன்க்ரூன் என்று ஒரு கட்டு விற்பார்கள்: கேரட் இரண்டு, செலரிக் கிழங்கு ஒரு துண்டு, லீக்ஸ் ஒரு தண்டு, பார்ஸ்லி கொஞ்சம். ஜெர்மன் சூப்புக்கெல்லாம் அதுதான் அடித்தளம், ஒரு கட்டு அப்படியே வாங்கிக்கொள்ளுங்கள். உருளைக்கிழங்கு 200 கிராம், உடையாமல் வேகும் வகை (பையில் ஃபெஸ்ட்கோஹென்ட் என்று இருக்கும்). பெரிய வெங்காயம் 2, பூண்டு 4 பல், இஞ்சி பெருவிரல் அளவு, தக்காளி விழுது 3 மேசைக்கரண்டி, நறுக்கிய தக்காளி டின் 400 கிராம், புகையூட்டிய டோஃபு 200 கிராம், காரம் நடுத்தரமான கடுகு விழுது.

மசாலாவில் கேரவே விதை 1 தேக்கரண்டி, பிரிஞ்சி இலை 2, ஜூனிப்பர் பழம் 4, காய்ந்த தைம் 1 தேக்கரண்டி, காய்ந்த மார்ஜோரம் 1 தேக்கரண்டி. கேரவே வாங்கும்போது பாக்கெட்டில் க்யும்மெல் என்று மட்டும் இருக்க வேண்டும், க்ரொய்ட்ஸ்க்யும்மெல் என்று இருந்தால் அது நம் சீரகம், அந்த வாசனை இதற்குச் சேராது. தைம் ஜெர்மனிக்காக வாங்குவது என்று நினைக்கவேண்டாம், கானாவிலும் நைஜீரியாவிலும் தக்காளிக் குழம்புக்கு அது தினசரிச் சாமான். கடுகு விழுதும் அப்படியே, செனகலின் யாஸா எனும் வெங்காயக் குழம்பில் அது இல்லாமல் நடக்காது.

எண்ணெய்க்கு கடலை எண்ணெய் அல்லது ராப்ஸ் (கனோலா) எண்ணெய், 3 மேசைக்கரண்டி. சிவப்புப் பாமாயில் பிடித்தவர்கள் அதில் ஒரு கரண்டி கலந்துகொள்ளலாம்.

சூப் கட்டி விஷயத்தில் ஒரு வார்த்தை. மேகி என்ற பெயர் சுவிட்சர்லாந்தில் பிறந்தது, தெற்கு ஜெர்மனியின் ஸிங்கனில் 19-ஆம் நூற்றாண்டின் கடைசியிலிருந்தே அவர்கள் தொழிற்சாலை இருக்கிறது. அவர்களுடைய சுவையூட்டும் சாறு வரும் பழுப்பு பாட்டில் ஜெர்மன் சாப்பாட்டு மேசையில் எப்படி நிரந்தரமோ, அதே பெயரில் வரும் கட்டி மேற்கு ஆப்பிரிக்கச் சமையலறையில் அப்படி நிரந்தரம். இரண்டு பக்கத்து அடுப்பிலும் இருக்கிற கடைச்சாமான் அது. போட விரும்பினால் ஒரு கட்டி போடுங்கள், ஆனால் ஆஃப்ரோ கடைக் கட்டிகளில் கோழி, இறால் சேர்ந்தவை உண்டு, பார்த்து எடுங்கள். காய்கறிக் கட்டி பாதுகாப்பு.

இன்னொன்று, விருந்தாளிகளுக்குச் செய்வதாக இருந்தால் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். ஐரோப்பிய ஒன்றியம் கட்டாயமாக லேபிளில் காட்டச் சொல்லும் 14 ஒவ்வாமைப் பொருள்களில் வேர்க்கடலை, செலரி, கடுகு, சோயா ஆகிய நான்கும் இந்த ஒரே பாத்திரத்தில் இருக்கின்றன. வேர்க்கடலை ஒவ்வாமை உயிருக்கே ஆபத்தானது, 'கொஞ்சம்தானே' என்று யாருக்கும் பரிமாறக் கூடாது.

அடுப்பைப் பற்றவைக்கும் முன்

எல்லாவற்றையும் நறுக்கி முடித்துவிட்டே அடுப்புக்குப் போங்கள், இடையில் நறுக்க நேரம் கிடைக்காது. வெங்காயம் பொடியாக, லீக்ஸை நீளவாக்கில் கீறி அடுக்குகளுக்குள் இருக்கும் மண்ணை ஓடும் தண்ணீரில் கழுவியபின் வளையமாக. கேரட், செலரிக் கிழங்கு, உருளைக்கிழங்கு மூன்றும் ஒன்றரை சென்டிமீட்டர் துண்டுகள். சர்க்கரைவள்ளி சீக்கிரம் வெந்துவிடும், அதை மட்டும் இரண்டு மடங்கு பெரிதாக வெட்டுங்கள். இஞ்சி பூண்டை நசுக்கி வையுங்கள். சவர்க்ரௌட்டைப் பிழிந்து, சாற்றை ஒரு கிண்ணத்தில் எடுத்துவைத்து, நீள நீளமான இழைகளைக் கத்தியால் நாலைந்து முறை குறுக்கே வெட்டுங்கள், இல்லாவிட்டால் கரண்டியிலிருந்து நூலாகத் தொங்கும்.

இப்போது கடலை விழுதைக் கரைத்து வைக்க வேண்டும். இதை நேராகக் குழம்பில் போட்டால் கட்டி கட்டியாக அடியில் போய் உட்கார்ந்து கரிந்துவிடும். ஒரு பெரிய கிண்ணத்தில் 150 கிராம் விழுதைப் போட்டு, 300 மில்லி வெந்நீரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். முதலில் இரண்டு கரண்டி தண்ணீர் மட்டும் ஊற்றிக் கலக்குங்கள். வழவழவென்று இருந்த விழுது சட்டென்று இறுகி, நிறம் வெளிறி, திரிந்த மாதிரித் தெரியும். கெட்டுவிட்டது என்று பலரும் இந்த இடத்தில் கொட்டிவிடுகிறார்கள். கெடவில்லை. இன்னும் இரண்டு கரண்டி, கலக்கு, இன்னும் இரண்டு, கலக்கு, இப்படியே போனால் மூன்றாவது நான்காவது முறையில் திடீரென்று இளகி, பால் மாதிரி ஓடும். மீதித் தண்ணீரையும் ஊற்றிக் கரைத்து ஓரமாக வையுங்கள்.

சமையல்

டோஃபுவைத் தாளில் ஒற்றி ஈரம் எடுத்து, சிறு சதுரங்களாக வெட்டி, பாத்திரத்தில் ஒரு கரண்டி எண்ணெய் விட்டு, எல்லாப் பக்கமும் பொன்னிறமாக வறுத்துத் தனியே எடுத்துவிடுங்கள். இது குழம்புக்குள் வேகப்போவதில்லை, கடைசியில் மேலே வரும். அடியில் ஒட்டிய பழுப்பைச் சுரண்டி எறிய வேண்டாம், அது ருசி.

அதே பாத்திரத்தில் மீதி எண்ணெய், கேரவே. அது லேசாகப் பொரிந்ததும் வெங்காயமும் லீக்ஸும், ஒரு சிட்டிகை உப்பு. நடுத்தரத் தீ. ஜெர்மன் மின் அடுப்பில் 9 வரை எண் இருந்தால் 5-இல் வையுங்கள், அந்தக் கண்ணாடி அடுப்பு சூடேறவும் நேரமெடுக்கும், குறையவும் நேரமெடுக்கும், அதனால் எண்ணை மாற்றியதும் பலன் தெரியவில்லை என்று மேலும் மேலும் திருப்பாதீர்கள். வெங்காயம் நன்றாகச் சுருங்கி ஓரம் பழுக்க 12 நிமிடம் பிடிக்கும். தவதவா வைத்திருந்தால் அரைத் தேக்கரண்டி நசுக்கி இப்போது போடலாம். அப்புறம் இஞ்சி, பூண்டு, தைம், ஒரு நிமிடம்.

அடுத்த படி தக்காளி விழுது. நடுவில் இடம் ஒதுக்கி 3 கரண்டி விழுதைப் போட்டு எண்ணெயில் வறுங்கள். பளிச்சென்ற சிவப்பாக இருப்பது செங்கல் நிறத்துக்கு மாறி, பச்சைப் புளிப்பு வாசனை போய் ஒரு இனிப்பான வாசனை வரும், அதுவரை விடக்கூடாது. 5 நிமிடம் ஆகும், கிண்டிக்கொண்டே இருக்க வேண்டும். மேற்கு ஆப்பிரிக்கச் சமையலில் இந்த ஒரு படியை அவசரப்படுத்தினால் மற்ற எதுவும் காப்பாற்றாது. அதற்குப்பின் டின் தக்காளியை ஊற்றி, தண்ணீர் வற்றி ஓரத்தில் எண்ணெய் கசியும்வரை 7, 8 நிமிடம் விடுங்கள்.

இப்போது 900 மில்லி தண்ணீர், சூப் கட்டி போடுவதானால் அது, பிரிஞ்சி இலை, லேசாக நசுக்கிய ஜூனிப்பர், கூடவே கேரட், செலரிக் கிழங்கு, உருளைக்கிழங்கு. மூடி வைத்து 10 நிமிடம். கடலைக் கரைசலை இப்போதே ஊற்றாததற்குக் காரணம் உண்டு: குழம்பு கெட்டியாகிவிட்டால் கிழங்கு வேக நேரமாகும், அடியும் பிடிக்கும்.

10 நிமிடம் கழித்து கடலைக் கரைசலைச் சேர்த்து, சர்க்கரைவள்ளியையும் போடுங்கள். ஸ்காட்ச் பானட்டை முழுசாக, காம்போடு, கீறாமல் மேலே மிதக்க விடுங்கள். இதுதான் அந்த ஊர் வழக்கம். காரம் கொஞ்சம்தான் இறங்கும், ஆனால் பழ வாசனை மாதிரி ஒரு மணம் குழம்பு முழுக்கப் பரவும், அந்த மணத்துக்காகத்தான் இந்த மிளகாயையே தேடி வாங்குகிறோம். கிண்டும்போது கரண்டியால் குத்தி உடைத்துவிடாமல் ஒதுக்கிக் கிண்டுங்கள். உடைந்தால் நான்கு பேரில் மூன்று பேரால் சாப்பிட முடியாது. காரம் வேண்டும் என்கிறவர்கள் கடைசியில் அதை எடுத்துத் தங்கள் தட்டில் நசுக்கிக்கொள்ளட்டும். கையில் பட்டால் முதலில் எண்ணெய் தேய்த்து, பிறகு சோப்புப் போட்டுக் கழுவுங்கள், வெறும் தண்ணீருக்கு அந்தக் காரம் போகாது.

தீயைக் குறைத்து, மூடியைக் கொஞ்சம் திறந்து வைத்து 20 நிமிடம். கடலைக் குழம்பு பொங்கவும் செய்யும், தெறிக்கவும் செய்யும், அடியும் பிடிக்கும், ஆகவே மூன்று நான்கு நிமிடத்துக்கு ஒருமுறை மரக்கரண்டியால் அடியைத் தொட்டுத் துழாவுங்கள். இந்த நேரத்தில் மேற்பரப்பைக் கவனியுங்கள். முதலில் வெளிறிய ஆரஞ்சு நிறத்தில் நுரை கட்டி இருக்கும். மெதுவாக நுரை அடங்கி நிறம் ஆழமாகும். பிறகு பாத்திரத்தின் ஓரத்தில் சிவந்த எண்ணெய் சின்னச் சின்னப் பொட்டாகத் தெரியும், அந்தப் பொட்டுகள் ஒன்றோடொன்று சேர்ந்து ஒரு மெல்லிய வளையமாகும். கடலை வெந்துவிட்டது என்பதற்கு அதுதான் அடையாளம். கடிகாரம் 20 நிமிடம் காட்டினாலும் எண்ணெய் மேலே வரவில்லை என்றால் பொறுங்கள். பச்சைக் கடலை வாசனையோடு இறக்கிய குழம்பு வயிற்றில் கல்லாக நிற்கும்.

எண்ணெய் கண்டதும் சவர்க்ரௌட், அவித்த காராமணி. இதை ஏன் கடைசியில் போடச் சொல்கிறேன் என்றால், புளிப்பு இருக்கும் தண்ணீரில் கிழங்கும் பயறும் லேசில் வேகாது. காய்கறியின் செல்களைப் பிடித்து வைத்திருக்கும் பெக்டின் புளிப்பில் கரையாமல் இறுகி நிற்கும். தக்காளியின் புளிப்பே கொஞ்சம் தாமதப்படுத்துகிறது, சவர்க்ரௌட்டையும் முதலிலேயே கொட்டினால் ஒரு மணி நேரம் கழித்தும் உருளைக்கிழங்கு நறுக்கென்று இருக்கும். அதோடு, நீண்ட நேரம் கொதித்த சவர்க்ரௌட் தன் புளிப்பை எல்லாவற்றுக்கும் சமமாகக் கொடுத்துவிட்டுத் தான் சப்பென்று ஆகிவிடும். 15 நிமிடம் வெந்தால் போதும். அப்போதுதான் ஒரு வாயில் கடலையின் கனம், அடுத்த கடியில் புளித்த கோஸின் சுறுக் என்று மாறி மாறி வரும். இந்தக் குழம்பைச் செய்வதே அதற்காகத்தான்.

குளிர்காலமானால் க்ரூன்கோல் எனும் கீரை, சுருட்டை இலைக் கோஸ், வட ஜெர்மனியில் அக்டோபர் முதல் எங்கும் குவிந்திருக்கும். தண்டு நீக்கி நறுக்கி இரண்டு கைப்பிடியை சவர்க்ரௌட்டோடு சேருங்கள். சியரா லியோனில் மரவள்ளி இலையையும் சர்க்கரைவள்ளி இலையையும் கடலை விழுதோடுதான் சமைக்கிறார்கள், கீரையும் கடலையும் அங்கே பழைய கூட்டு. கோடையில் பசலைக்கீரை, அது கடைசி இரண்டு நிமிடத்துக்கு மட்டும்.

அடுப்பை அணைத்துவிட்டு, மார்ஜோரத்தை உள்ளங்கையில் தேய்த்துத் தூவி, கடுகு விழுது ஒரு தேக்கரண்டி கலந்து, இப்போதுதான் முதல்முறையாக ருசி பாருங்கள். உப்பு இதுவரை சிட்டிகைதான் போட்டோம், ஏனென்றால் சவர்க்ரௌட்டிலும் சூப் கட்டியிலும் டோஃபுவிலும் உப்பு இருக்கிறது. தேவைப்பட்டால் மட்டும் போடுங்கள். திகட்டுகிற மாதிரி இருந்தால் எடுத்துவைத்த சவர்க்ரௌட் சாற்றை ஒவ்வொரு கரண்டியாக ஊற்றிக் கலந்து பாருங்கள், பெரும்பாலும் இரண்டு கரண்டியில் சரியாகிவிடும். மூடி 10 நிமிடம் ஆறவிட்டு, டோஃபுவையும் பார்ஸ்லியையும் மேலே தூவுங்கள்.

கைமீறிப் போனால்

புளிப்பு தூக்கலாகிவிட்டால் சர்க்கரை போடாதீர்கள், இன்னும் இரண்டு கரண்டி கடலை விழுதை வெந்நீரில் கரைத்து ஊற்றிப் பத்து நிமிடம் கொதிக்கவிடுங்கள். காரம் ஏறிவிட்டாலும் அதே வைத்தியம்தான், கூட ஒரு உருளைக்கிழங்கு. அடி பிடித்த வாசனை வந்தால் கிண்டவே கிண்டாமல், மேலாக இருப்பதை வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிடுங்கள், அடியில் ஒட்டியதை அப்படியே விட்டுவிட வேண்டியதுதான். நீர்த்துப் போயிருந்தால் நாலு துண்டு சர்க்கரைவள்ளியைப் பாத்திரத்தின் சுவரோடு வைத்து மசியுங்கள், மாவு கரைத்து ஊற்ற வேண்டாம்.

எதோடு சாப்பிடுவது

சோறு எப்போதும் சரி. கானாவில் குழைய வேகவைத்த சோற்றை உருண்டை பிடித்து ஓமோ டூவோ என்று கடலைக் குழம்புக்குள் வைத்துத் தருவார்கள், ஜெர்மனியில் கிடைக்கும் பால்சோறு அரிசியில் அதை நன்றாகச் செய்யலாம். ஃபூஃபு இன்னும் நெருக்கம். மரவள்ளியையும் வாழைக்காயையும் உரலில் இடித்துச் செய்வது அது. ஐரோப்பாவில் விற்கும் ஃபூஃபு மாவுப் பாக்கெட்டுகளைத் திருப்பிப் பார்த்தால் பலவற்றில் முதல் பொருளே உருளைக்கிழங்குத் தூள்தான்.

அதனால் நான் சிபாரிசு செய்வது ஜெர்மானியரின் க்ளோஸ், உருளைக்கிழங்கு உருண்டை. துரிங்கியா, பவேரியா பக்கத்துச் சாப்பாடு. க்ளோஸ்டைக் என்று தயார் மாவு குளிர்பெட்டியில் கிடைக்கும், பெரும்பாலும் முட்டை இருக்காது, ஆனாலும் பார்த்து வாங்குங்கள். கையை நனைத்துக்கொண்டு எலுமிச்சையைவிடக் கொஞ்சம் பெரிதாக உருட்டி, உப்புப் போட்டுக் கொதித்த தண்ணீரில் இறக்கித் தீயைக் குறைத்துவிடுங்கள். தளதளவென்று கொதித்தால் உருண்டை கரைந்துவிடும், தண்ணீர் அசைந்துகொண்டு மட்டும் இருக்க வேண்டும். மேலே மிதந்து வந்ததும் பாக்கெட்டில் சொன்ன நேரம் முடியும்வரை விட்டு, ஓட்டைக் கரண்டியால் எடுங்கள். ஜெர்மானியர் இதைக் கத்தியால் வெட்டமாட்டார்கள், முட்கரண்டியால் பிய்ப்பார்கள், பிய்த்த சொரசொரப்பில்தான் குழம்பு ஏறும். ஃபூஃபு சாப்பிடுகிறவர்கள் வலது கையால் ஒரு கிள்ளு எடுத்து, கட்டைவிரலால் குழி செய்து, அதில் குழம்பை அள்ளுவார்கள். க்ளோஸை இரண்டாவது முறையில் சாப்பிட்டுப் பாருங்கள், நமக்குக் கை பழகியதுதானே.

குழம்பு மறுநாள் இன்னும் நன்றாக இருக்கும், ஆனால் கடலை தண்ணீரை இழுத்துக் கெட்டியாகியிருக்கும், அரை டம்ளர் வெந்நீர் விட்டுச் சிறுதீயில் சூடாக்குங்கள். ஃப்ரிட்ஜில் 3 நாள் வைக்கலாம். மிளகாயை எடுத்துவிட்டு வையுங்கள், ஊற ஊறக் காரம் ஏறிக்கொண்டே போகும். ஃப்ரீசரில் வைப்பதாக இருந்தால் உருளைக்கிழங்கைப் போடாமல் அதன் இடத்தில் சர்க்கரைவள்ளியைக் கூட்டிக்கொள்ளுங்கள், உறைந்து உருகிய உருளைக்கிழங்கு மணல் மாதிரி உதிரும். டோஃபுவையும் சாப்பிடும் அன்றைக்கே வறுத்துக்கொண்டால் போதும்.